வாதுரை கட்டத்தில் உயில் சாட்சியை அழைக்க முடியுமா?

கேள்வி: தந்தையின் வீட்டில் பாகம் கேட்டு மகள் தொடுத்த வழக்கில், வீடு தனக்கே என்று பதிவு செய்யப்பட்ட உயிலை மகன் தாக்கல் செய்திருக்கிறார். இருதரப்புச் சாட்சியமும் முடிந்து வழக்கு வாதுரைக்கு வந்துவிட்டது. உயிலில் சாட்சிக் கையெழுத்திட்ட எவரும் விசாரிக்கப்படவில்லை. இனி அழைக்க வழி உண்டா?

பதில்: உண்டு, ஆனால் உரிமையாக அல்ல, நீதிமன்றத்தின் அனுமதியாக.

எழுவினாக்கள் வனையப்பட்ட 15 நாட்களுக்குள் சாட்சிப் பட்டியல் தாக்கலாக வேண்டும் என்கிறது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 16, விதி 1. பல வழக்குகளில் இந்தப் பட்டியலை யாரும் பொருட்படுத்துவதில்லை. வில்லங்கம் பிறகுதான் தெரியும். பட்டியலில் இல்லாதவருக்கு அழைப்பாணை அனுப்ப, பெயர் விடுபட்டதற்குப் போதிய காரணம் காட்ட வேண்டும். கட்சிக்காரரே சாட்சியைக் கூட்டிவந்தால், பட்டியலில் பெயர் இல்லை என்பதை மட்டும் சொல்லித் தடுக்க முடியாது என்று 1983இல் மாங்கே ராம் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

சாட்சியம் முடித்துவைக்கப்பட்ட பிறகு அதுவும் போதாது. வழக்கை மறுபடி சாட்சியத்துக்குத் திறக்கக் கோரி பிரிவு 151இன் கீழ் ஓர் இடைக்கால மனுவும், சாட்சியை விசாரிக்க அனுமதி கோரி இன்னொரு மனுவும் போடுவது வழக்கம். தாமதமான சாட்சியத்துக்கென்றே இருந்த கட்டளை 18, விதி 17அ 2002இல் நீக்கப்பட்டது. அதோடு கதவு அடைபட்டுவிடவில்லை என்பதை 2011இல் கே.கே. வேலுசாமி எதிர் என். பழனிசாமி தீர்ப்பு தெளிவாக்கியது: உரிய முயற்சி எடுத்தும் முன்பு கொண்டுவர முடியாத சாட்சியமாக, நியாயமான முடிவுக்கு உதவுவதாக இருந்தால் பிரிவு 151 கைகொடுக்கும், வழக்கை இழுத்தடிக்கவோ விட்ட ஓட்டையை அடைக்கவோ கொடுக்காது. தீர்ப்புக்காக ஒத்திவைத்த பின் மனு ஏற்பதில்லை என்பது நல்ல வழக்கமே, ஆனால் மாறாத விதியல்ல என்றும் அத்தீர்ப்பு சொல்கிறது.

“அப்பா உயிலைப் பற்றி என்னிடம் சொன்னார்” என்று சொல்லக் கடைசியில் வரும் உறவினரை நீதிமன்றம் சந்தேகத்தோடுதான் பார்க்கும். குறுக்கு விசாரணையில் கட்சிக்காரர் ஒப்புக்கொண்டதை மழுப்ப வரும் சாட்சிக்கு வாய்ப்பு இன்னும் குறைவு. உயிலில் சாட்சிக் கையெழுத்திட்டவர் நிலை வேறு. இந்திய வாரிசுரிமைச் சட்டம் பிரிவு 63 உயிலுக்குக் குறைந்தது இரண்டு சாட்சிகளைக் கேட்கிறது. அவர்களில் ஒருவரையாவது விசாரித்தே உயிலை நிரூபிக்க வேண்டும் என்பது 1872 சாட்சியச் சட்டத்தின் பிரிவு 68. 2024 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ள பாரதிய சாக்ஷ்ய அதினியத்தில் அதுவே பிரிவு 67. பதிவான உயிலுக்குச் சாட்சி வேண்டாம் என்று பரவலாக நம்பப்படுகிறது; அது தவறு. சான்றாவணமாகக் குறியீடு இடப்பட்டதாலும் உயில் நிரூபணமாகிவிடாது. வரும் ஒரே சாட்சி, மற்றவரும் முறைப்படி கையெழுத்திட்டதைச் சேர்த்துச் சொல்ல வேண்டும். இருவருமே இறந்திருந்தால், அவர்களில் ஒருவரின் கையெழுத்தையாவது, கூடவே உயில் எழுதியவரின் கையெழுத்தையும், அவற்றை அறிந்தவர் மூலம் நிரூபிக்கலாம்.

ஆகவே மனுவின் உயிர் பிரமாண வாக்குமூலத்தில் சொல்லும் காரணத்தில் இருக்கிறது. சாட்சி வெளிநாட்டில் இருந்தார், முகவரி இப்போதுதான் தெரிந்தது, படுக்கையில் கிடந்தார் என்பவற்றுக்கு ஆவணம் இணைக்க வேண்டும். “கவனக்குறைவால் விடுபட்டது” என்ற ஒற்றை வரி எடுபடுவது அரிது. நடக்க இயலாத சாட்சியை ஆணையர் மூலம் வீட்டிலேயே விசாரிக்கக் கேட்கலாம். அனுமதி கிடைத்தால் எதிர்த்தரப்புக்குச் செலவுத்தொகை கட்டச் சொல்வது சகஜம்; மகள் தரப்புக்குக் குறுக்கு விசாரணையும், தேவைப்பட்டால் பதில் சாட்சியமும் உண்டு.

மனு தள்ளுபடியானால் அதன்மேல் மேல்முறையீடு இல்லை. அரசமைப்புச் சட்டத்தின் 227ஆம் பிரிவின்படி உயர் நீதிமன்றத்தில், தென் மாவட்டங்களானால் மதுரைக் கிளையில், சீராய்வு மனு போடலாம். தீர்ப்பு பாதகமானால் முதல் மேல்முறையீட்டில் அந்த மறுப்பையே ஒரு காரணமாக எழுப்பி, கட்டளை 41, விதி 27இன் கீழ் கூடுதல் சாட்சியம் கோரலாம். விசாரணை நீதிமன்றத்தில் மனுவே போடாமல் அங்கே கேட்பவருக்கு அது எளிதில் கிடைக்காது.