எல்லாம் சாத்தனூர்த் தண்ணீரா?

விழுப்புரம் பக்கம் எந்த டீக்கடையில் வெள்ளத்தைப் பற்றிப் பேச்செடுத்தாலும் அது தென்பெண்ணையாற்றின் சாத்தனூர் அணையில்தான் போய் நிற்கும். 2024 டிசம்பருக்குப் பிறகு அந்த நம்பிக்கை இன்னும் கெட்டியாகிவிட்டது. அதையும் அதைப் போன்ற வேறு சிலவற்றையும் கொஞ்சம் உரசிப் பார்க்கலாம்.

நம்பிக்கை: ஃபெஞ்சல் புயலின்போது விழுப்புரம் மாவட்டம் மூழ்கியதற்குச் சாத்தனூர் அணையைத் திறந்ததே காரணம்.

பாதிதான் சரி. டிசம்பர் 2 அதிகாலையில் சாத்தனூரிலிருந்து விநாடிக்கு 1,68,000 கன அடி வரை தண்ணீர் திறந்துவிடப்பட்டது. தென்பெண்ணைக் கரை ஊர்கள் அதில் பட்ட பாடு கொஞ்சமல்ல. அரசூரில் தேசிய நெடுஞ்சாலை மீதே வெள்ளம் ஓடியது. அங்கே உள்ளவர்கள் சாத்தனூரைத் திட்டினால் அதில் நியாயம் உண்டு.

ஆனால் அதே நாளில் விக்கிரவாண்டிக்கும் முண்டியம்பாக்கத்துக்கும் இடையிலான ரயில் பாலத்தில் தண்ணீர் அபாய அளவைத் தாண்டியதே, சென்னைக்கும் தென் மாவட்டங்களுக்கும் இடையே ரயில்கள் நின்றனவே, அது எந்தத் தண்ணீர்? சாத்தனூர்த் தண்ணீர் அங்கே வர வழியே இல்லை. தென்பெண்ணை விழுப்புரம் நகருக்குத் தெற்கே, பிடாகம் வழியாகக் கடலூர்ப் பக்கம் போகிறது. விக்கிரவாண்டிப் பக்கம் ஓடுவது வராக நதி. இரண்டும் இரண்டு வடிநிலங்கள். தமிழ்நாட்டின் ஆறுகளை அரசு 17 பெரு வடிநிலங்களாகப் பிரித்திருக்கிறது. அதில் பெண்ணையாறு எனப்படும் தென்பெண்ணை ஒன்று, வராக நதி வேறொன்று. மாவட்டம் ஒன்று என்பதற்காக ஆறும் ஒன்றாகிவிடாது.

வடக்கே வந்தது முழுக்க முழுக்க உள்ளூர் மழை. புயல் கரையைக் கடந்தும் நகராமல் நின்றதில், மயிலத்தில் மட்டும் 24 மணி நேரத்தில் சுமார் 50 செ.மீ. கொட்டியது. இந்த வட்டாரத்தில் ஆண்டு முழுக்கப் பெய்வதில் ஏறக்குறைய பாதி! அதற்கு எந்த மதகையும் யாரும் திறக்கத் தேவையில்லை.

(தென்பெண்ணைத் தண்ணீர் வடக்கே வராது என்பதற்கு ஒரு விதிவிலக்கு உண்டு. துரிஞ்சலாறு தென்பெண்ணையின் துணையாறு. அதன் தண்ணீரைக் கீரனூர் அணைக்கட்டிலிருந்து பனமலை ஏரிக்குக் கொண்டுவருகிறது நந்தன் கால்வாய். மனிதன் வெட்டியதால் மட்டுமே அந்தத் தண்ணீர் இந்தப் பக்கம் வருகிறது.)

நம்பிக்கை: வராக நதி, சங்கராபரணி, செஞ்சி ஆறு மூன்றும் வேறு வேறு.

ஒரே ஆறுதான். செஞ்சி மலைப் பக்கம் பிறந்து, வீடூர் வந்து, வில்லியனூர் வழியாகப் புதுச்சேரிக் கடலில் சேர்கிறது.

நம்பிக்கை: வீடூரில் அணை இருக்கிறது, பெருமழை வந்தாலும் அது பிடித்துக்கொள்ளும்.

வீடூர் அணையின் உயரம் 32 அடி, கொள்ளளவு 605 மில்லியன் கன அடி. 119 அடி உயரமுள்ள சாத்தனூரின் கொள்ளளவில் இது பன்னிரண்டில் ஒரு பங்குகூட இல்லை. கணக்குப் போட்டுப் பாருங்கள்: மயிலத்தில் பெய்ததுபோல 50 செ.மீ. மழை, ஆறு கிலோமீட்டர் நீளமும் ஆறு கிலோமீட்டர் அகலமும் உள்ள நிலத்தில் பெய்து அப்படியே வழிந்து வந்தால், காலியாகக் கிடக்கும் வீடூர் நிரம்பிவிடும். அதன் நீர்ப்பிடிப்புப் பகுதியோ இதைப்போல் பல மடங்கு. அணையைக் கட்டியது பாசனத்துக்கு. தமிழ்நாட்டில் 2,200 ஏக்கர், புதுச்சேரியில் 1,000 ஏக்கர் அதை நம்பியிருக்கின்றன. வெள்ளத்தை நிறுத்தும் வேலையை அதன் தலையில் கட்டுவது நம்முடைய ஆசை.

அந்த வேலையை ஓரளவு செய்தவை ஏரிகள். ஓர் ஏரியின் கலிங்கு வழிந்தால் அடுத்த ஏரிக்குத் தண்ணீர் போகும். இடையிலுள்ள வாய்க்காலில் மனை போட்டால் தண்ணீர் மனைக்குள் வரும். விழுப்புரம் புதிய பேருந்து நிலையத்தில் மழைக்குத் தண்ணீர் தேங்குவதைப் பார்த்து ஆச்சரியப்படுகிறவர்கள், அந்த இடம் முன்பு ஏரி என்பதை மறந்துவிடுகிறார்கள்.

நம்பிக்கை: மணல் அள்ளினால் ஆறு ஆழமாகும், வெள்ளம் குறையும்.

மணல்தான் மழைநீரைப் பிடித்து நிலத்தடிக்கு அனுப்புகிறது. அது போனால் முதலில் வற்றுவது கரையோரக் கிணறுகள், பிறகு ஆட்டம் காண்பது பாலங்களின் அடித்தளம். இதற்கு மேல் பேச ஒன்றுமில்லை.

நம்பிக்கை: கடலில் கலக்கும் தண்ணீர் அத்தனையும் வீண்.

மேடையில் கைதட்டல் வாங்கும் வாக்கியம் இது. திண்டிவனத்துக்குக் கிழக்கே, மரக்காணம் பக்கத்தில் பெய்யும் மழை தென்பெண்ணைக்கோ வராக நதிக்கோ போவதில்லை. அது கழுவெளி என்ற சதுப்புநிலத்துக்குப் போகிறது. அங்கே நன்னீரும் உப்புநீரும் கலப்பதால்தான் இறாலும் மீனும் வளர்கின்றன, பறவைகள் வருகின்றன. 2021 டிசம்பரில் அதைப் பறவைகள் சரணாலயமாக அரசு அறிவித்தது. மேலிருந்து வரும் நன்னீர் குறைந்து, ஆழ்துளைக் கிணறுகளிலும் இடைவிடாமல் இறைத்தால், நிலத்துக்கு அடியில் கடல்நீர் உள்ளே வரும். கடலோர விவசாயிக்கு இது நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

வடகிழக்குப் பருவமழைக்கு முன்னால் ஒரு வேலை செய்யுங்கள். உங்கள் ஊர் ஏரியின் கலிங்கு எந்தப் பக்கம் இருக்கிறது, அந்தத் தண்ணீர் கடைசியில் எந்த ஆற்றில் சேருகிறது என்று ஊர்ப் பெரியவர்களிடமோ வி.ஏ.ஓ.விடமோ கேட்டு வையுங்கள். அடுத்த முறை சாத்தனூர் எச்சரிக்கை வரும்போது மூட்டையைக் கட்ட வேண்டியது நீங்களா, அல்லது வீடூர் அறிவிப்புக்குக் காத்திருக்க வேண்டியது நீங்களா என்பது அதில் தெரிந்துவிடும்.