மணநாளுக்கு முன் மேனியைப் பேணுதல்

நிக்காஹ்வுக்கு நாள் குறித்தாகிவிட்டது, இனி ஆறு வாரந்தான் என்றவுடன் வீட்டில் இரண்டு கட்சிகள் உண்டாகிவிடுகின்றன. பெண்ணின் முகத்திற்கு ஏதாவது செய்தாக வேண்டும் என்று அக்காளும் அண்ணியும் ஒரு பக்கம். இதெல்லாம் மார்க்கத்தில் இல்லாத ஆடம்பரம் என்று அத்தாவும் பெரியவர்களும் மறுபக்கம். இரு சாராரும் மார்க்கத்தையே துணைக்கு அழைக்கிறார்கள். ஆகவே ஷரீஅத் சொல்வதையும் மருத்துவம் சொல்வதையும் சேர்த்தே பார்ப்பது நலம்.

மணமக்கள் தம்மை அழகுபடுத்திக் கொள்வது விலக்கப்பட்டதன்று. அப்துர் ரஹ்மான் பின் அவ்ஃப் (ரலி) அவர்கள் மீது மஞ்சள் நிற நறுமணப் பூச்சின் தடத்தைக் கண்டு நாயகம் (ஸல்) அவர்கள் காரணம் கேட்டார்கள். மணமுடித்திருப்பதாக அவர் சொன்னதும் கடிந்து கொள்ளாமல், பரக்கத்துக்காக துஆச் செய்து, ஓர் ஆட்டையேனும் அறுத்து வலீமா கொடுக்கும்படி ஏவினார்கள். புகாரியில் வரும் செய்தி இது. அந்த மஞ்சள் மணமகளிடமிருந்து ஒட்டியது என்று விரிவுரையாளர்கள் பலர் விளக்குகிறார்கள்.

இன்னொரு செய்தி இதைவிட நெருக்கமானது. பிரசவித்த பெண்கள் முகத்தில் படரும் கருந்திட்டுக்காக 'வர்ஸ்' என்னும் மஞ்சள் பூண்டைப் பூசி வந்ததாக அன்னை உம்மு ஸலமா (ரலி) அவர்கள் அறிவித்துள்ளார்கள். அபூதாவூதிலும் திர்மிதீயிலும் இது உள்ளது. வர்ஸ் யமன் நாட்டுச் சரக்கு. நம் வீட்டுக் கஸ்தூரி மஞ்சள் செய்யும் வேலையையே அது அங்கே செய்தது. முகத்தில் வந்த மங்கு, பரு, தழும்பு ஆகியவற்றுக்கு மருந்திடுவது இவ்வகையைச் சேர்ந்தது. வந்த குறையை நீக்குவது வேறு; படைப்பையே மாற்றுவது வேறு. பச்சை குத்துவதையும், புருவ முடியைப் பிடுங்குவதையும், அழகுக்காகப் பல்லைத் தேய்த்து இடைவெளி உண்டாக்குவதையும் இப்னு மஸ்ஊத் (ரலி) அவர்கள் அறிவிக்கும் ஹதீஸ் சபித்திருக்கிறது. பெண்ணுக்கு மீசை தாடி போல முளைத்தால் அதை நீக்கலாம் என்று நம் இமாம்கள் சொல்லியிருக்கிறார்கள்; புருவத்தை நூலாக்கும் வழக்கம் அதில் சேராது.

இப்போது நிறத்துக்கு வருவோம். ஏனெனில், உண்மையில் ஆறு வாரமும் இதற்குத்தான் செலவாகிறது. "பெண் நல்ல பெண்தான், நிறந்தான் கொஞ்சம் கம்மி" என்று மாப்பிள்ளை வீட்டார் சொன்ன ஒரு சொல் அந்தப் பெண்ணின் மனத்தில் முள்ளாகத் தைத்து நிற்கிறது. மொழிகளும் நிறங்களும் வேறுபட்டிருப்பதைத் தன் அத்தாட்சிகளில் ஒன்றாக அல்லாஹ் அர்ரூம் அத்தியாயத்தின் 22ஆம் வசனத்தில் எண்ணியிருக்கிறான். இறுதி ஹஜ்ஜின் பேருரையில், இறையச்சத்தாலன்றி நிறத்தால் உயர்வு இல்லை என்று நாயகம் (ஸல்) அவர்கள் பிரகடனம் செய்தார்கள். இதை ஜும்ஆவில் கேட்டுத் தலையசைத்து வரும் குடும்பமே பெண் பார்க்கப் போகும்போது மறந்துவிடுகிறது. குற்றம் பெண்ணிடத்தில் இல்லை.

ஆனால் தண்டனை அவள் மேனிக்கு விழுகிறது. கடைகளில் கிடைக்கும் சில வெண்மைக் களிம்புகளில் பாதரசம் கலந்திருக்கிறது. தோலில் கருமையை உண்டாக்கும் மெலனின் உற்பத்தியைப் பாதரசம் தடுப்பதால், சில வாரங்களில் முகம் வெளுத்துக் காட்டும். அதே பாதரசம் தோல் வழியே இரத்தத்தில் ஏறிச் சிறுநீரகத்தில் போய்த் தங்குகிறது. இது எங்கோ நடந்த கதையன்று. பாலக்காட்டுக் கணவாயைத் தாண்டினால் மலப்புறம் மாவட்டம். அங்கே கோட்டக்கல் ஆஸ்டர் மிம்ஸ் மருத்துவமனையின் சிறுநீரக மருத்துவர்கள், 2021 ஜூலை முதல் 2023 செப்டம்பர் வரை ஒரு குறிப்பிட்ட சிறுநீரக நோயோடு வந்த 22 பேரை ஆராய்ந்தார்கள். அவர்களில் 15 பேருக்கு அரிதான ஒரே வகை நோய்; அந்தப் பதினைந்தில் 13 பேர் வெண்மைக் களிம்பு பூசி வந்ததை ஒப்புக் கொண்டார்கள். 2024இல் 'கிட்னி இன்டர்நேஷனல்' இதழில் இது வெளியாயிற்று. பெரும்பாலோர் களிம்பை நிறுத்தியதும் குணமடைந்தார்கள் என்பது ஆறுதல். கால் வீங்கி, சிறுநீர் நுரைத்து வந்தபின் கிடைத்த ஆறுதல்!

நம் நாட்டின் 2020ஆம் ஆண்டு அழகுப்பொருள் விதிகள் பாதரசம் சேர்ப்பதைத் தடுக்கின்றன. ஆனால் வெளிநாட்டிலிருந்து பையில் வரும் டப்பாவுக்கு விதி ஏது? டப்பாவில் தயாரித்தவர் முகவரியும் சரக்குப் பட்டியலும் இல்லையென்றால் தொடாதீர்கள். "மெர்க்குரி", "கலோமல்" என்ற சொற்களைத் தேடுங்கள். தங்கம், வெள்ளி நகைகளில் படக்கூடாது என்று எச்சரிக்கை அச்சிட்டிருந்தால் அதுவே போதிய சாட்சி. பாதரசம் பட்டால் தங்கம் வெளுத்துவிடும். வளையலை வெளுக்க வைப்பதை முகத்தில் பூசுவார்களா?

இரண்டாவது ஆபத்து ஸ்டீராய்டு களிம்பு. படைக்கும் சொறிக்கும் டாக்டர் சில நாளைக்கு எழுதித் தரும் குழாயை, 'முகம் பளபளக்கும்' என்று தோழி சொல்லி மருந்துக் கடையில் வாங்குகிறார்கள். முதல் இரண்டு வாரம் பளபளக்கத்தான் செய்கிறது. பிறகு தோல் மெலிந்து நரம்பு தெரியும், பரு கிளம்பும், நிறுத்தினால் சிவந்து எரியும். அந்த எரிச்சல் சரியாக மணவாரத்தில் வந்து நிற்கும். 2018இல் இத்தகைய 14 மருந்துகளைச் சீட்டு இல்லாமல் விற்கக் கூடாதென மத்திய அரசு உத்தரவிட்டது. ஏற்கெனவே பூசி வருபவர் தாமாகச் சட்டென்று நிறுத்தாமல் தோல் மருத்துவரிடம் காட்ட வேண்டும். இ.எஸ்.ஐ. அட்டை இருப்பவர்கள் அங்கேயே போகலாம்.

சரி, செய்யத் தக்கதுதான் என்ன? திருப்பூரில் பனியன் கம்பெனிக்குப் போகும் பெண்ணுக்கு முதல் தேவை ஓய்வு. ஒண்ணரை ஷிப்ட் முடித்து இரவில் வரும் முகத்தில் எந்த மாவைப் பூசினாலும் தூக்கத்தின் வேலையை அது செய்யாது. கடைசி மாதத்திலாவது ஓவர்டைமை விட்டுவிடும்படி வீட்டார் சொல்ல வேண்டும். அந்தச் சம்பளத்தைக் கல்யாணச் செலவில் கணக்குப் போட்டிருந்தால் அதையும் குறைக்க வேண்டும். தையல் மேசையில் பறக்கும் பஞ்சுத் தூசி வியர்வையோடு நெற்றியிலும் தாடையிலும் படிந்து அரிப்பும் பருவும் உண்டாகிறது. வீடு வந்ததும் முகம் கழுவி, தலையில் கட்டிய துணியைத் தினமும் துவைத்துவிட வேண்டும். செக்கிங்கில் கறை எடுக்கும் திரவம் கையின் எண்ணெய்ப் பசையை உறிஞ்சிவிடும். கையுறை கேட்டு வாங்குங்கள். இந்தப் பக்கத்து ஆழ்துளைக் கிணறுகள் பலவற்றில் தண்ணீர் உப்பு. அதில் சோப்பு நுரைக்காது, தோலும் வறளும். முகத்துக்குக் குடிநீர்க் குழாய்த் தண்ணீரே நல்லது. குளித்து ஈரம் காயுமுன் தேங்காயெண்ணெய் கொஞ்சம் தடவினால் போதும்.

பச்சைப்பயறும் கஸ்தூரி மஞ்சளும் ஆவாரம்பூவும் அரைத்த நலங்கு மாவில் தடையில்லை. ஆனால் மஞ்சள் தூளில் நிறமேற்றுவதற்காக ஈயம் கலந்த சாயம் சேர்க்கும் கொடுமை உண்டு. பக்கத்தில் ஈரோடு இருக்கையில் கிழங்காக வாங்கி அரைத்துக் கொள்வதில் என்ன சிரமம்? எந்த மாவையும் முதலில் முழங்கையின் உட்புறம் தடவி ஒரு நாள் பாருங்கள். எலுமிச்சைச் சாறு வேண்டாம். அதோடு வெயில் பட்டால் தோல் வெந்து கருத்துவிடும். தோலின் மேற்பரப்பு புதுப்பிக்கப்பட ஏறத்தாழ நான்கு வாரம் ஆகும். எனவே புதிதாக எதைத் தொடங்குவதானாலும் முன்பே தொடங்குங்கள். கடைசி வாரத்தில் சோதனை கூடாது.

மருதாணியிலும் கவனம் தேவை. இலையை அரைத்து இட்டால் முதலில் செம்மஞ்சளாகத் தெரிந்து, இரண்டு நாளில் கருஞ்சிவப்பாக மாறும். ஆகவே இரண்டு நாள் முன்னரே இடுக. ஒரு மணி நேரத்தில் கன்னங்கரேலென்று பிடிப்பது மருதாணியன்று, தலைச்சாயத்தில் சேரும் ரசாயனம். சிலருக்குக் கை கொப்புளித்து வடு விழும். ஒருமுறை ஒவ்வாமை உண்டானால் அது ஆயுளுக்கும் நீங்காது. பாலியெஸ்டர் துணிக்கு ஏற்றும் சில சாயங்கள்கூட அவர்களுக்கு ஒத்துக்கொள்வதில்லை. துணியோடு பிழைக்கும் ஊரில் இது சிறு விஷயமா?

மருதாணியின் நிறம் உளூவைத் தடுக்காது. அது வெறும் நிறம். நகப்பூச்சு தடுக்கும், அது தண்ணீர் புகாத படலம். உளூவில் பாதத்தில் நகமளவு இடம் நனையாமல் விட்டவரைத் திரும்பிப் போய்ச் சரியாகச் செய்யும்படி நாயகம் (ஸல்) அவர்கள் பணித்ததாக முஸ்லிமில் வருகிறது. சாயத் தொழிலாளியின் நகத்தில் தங்கிய சாயம் பற்றி ஃபதாவா ஆலம்கீரியில் இரண்டு கூற்றுகள் உண்டு: குளிப்பைத் தடுக்கும் என்பது ஒன்று, நெருக்கடியால் மன்னிக்கப்படும் என்பது மற்றொன்று. பிழைப்புக்காகப் படிந்த சாயத்துக்கே இத்தனை ஆராய்ச்சி என்றால், நாமே விரும்பிப் பூசும் பூச்சுக்கு எந்த நெருக்கடியைச் சொல்வது?

மணநாளன்று முகத்தில் கனமாகப் பூசி, கலைந்துவிடும் என்று லுஹரையும் அஸரையும் விட்டுவிடும் மணமகள்கள் இருக்கிறார்கள். பூச்சு கலைவது தயம்மும் செய்யக் காரணமாகாது. அலங்காரம் செய்ய வருபவரிடம் முன்கூட்டியே நேரம் பேசிக் கொள்ளுங்கள். லுஹர் தொழுத பிறகு அதே உளூவோடு அலங்காரத்துக்கு உட்கார்ந்தால், உளூ முறியாதவரை அஸரும் அதிலேயே நிறைவேறும். முறிந்தால் கழுவியே ஆக வேண்டும். ஆகவே இலேசான பூச்சாகக் கேளுங்கள். பஞ்சும் தேங்காயெண்ணெயும் மணமகளின் பையில் இருக்கட்டும்.