வரலாறு மறைத்த வீரன்

கேப்டன் அமெரிக்கா என்னும் கதாநாயகனை அறியாத இளையர்கள் மிகச் சிலரே. ஜோ சைமன், ஜாக் கிர்பி ஆகிய இருவரும் படைத்த இந்த நாயகன், 1941ஆம் ஆண்டு மார்ச் மாதச் சித்திரக்கதை இதழில் முதன்முதலாகத் தோன்றினான். ஸ்டீவ் ரோஜர்ஸ் என்பது அவனது இயற்பெயர். மெலிந்த உடல் கொண்ட அவனை இராணுவம் சேர்த்துக்கொள்ள மறுக்கிறது. நாட்டுக்காகப் போராடத் துடித்த அவன், ஒரு மருந்துச் சோதனைக்குத் தானே முன்வருகிறான். அம்மருந்து அவனை அதிமனித ஆற்றல் கொண்ட வீரனாக மாற்றுகிறது.

அந்த மருந்தை வேறு யார் உடலிலும் சோதித்துப் பார்த்தார்களா? இக்கேள்விக்கு 2003ஆம் ஆண்டில் வெளிவந்த ஒரு சித்திரக்கதைத் தொடர் விடை தேடியது. மார்வெல் நிறுவனம் வெளியிட்ட அத்தொடரின் பெயர் ‘ட்ரூத்: ரெட், ஒயிட் அண்ட் பிளாக்’. ‘உண்மை: சிவப்பு, வெள்ளை, கறுப்பு’ என்பது அதன் பொருள். அமெரிக்கக் கொடியின் நிறங்கள் சிவப்பு, வெள்ளை, நீலம். நீலம் இருக்க வேண்டிய இடத்தில் கறுப்பை வைத்ததன் மூலம், கதை யாரைப் பற்றியது என்பதைத் தலைப்பே உணர்த்திவிடுகிறது. ராபர்ட் மொராலஸ் கதை எழுத, கைல் பேக்கர் படம் வரைந்தார். ஏழே இதழ்களில் தொடர் நிறைவுற்றது.

இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் கதை நடக்கிறது. பயிற்சி முகாம் ஒன்றிலிருந்து 300 கறுப்பின வீரர்கள் இரகசியமாக அழைத்துச் செல்லப்படுகின்றனர். அவர்கள் உடலில் என்ன செலுத்தப்படுகிறது என்பதை யாரும் விளக்கவில்லை. அவர்களின் சம்மதத்தையும் கேட்கவில்லை. பெரும்பாலோர் சோதனையிலேயே மடிகின்றனர். அவர்கள் போரில் இறந்துவிட்டதாகக் குடும்பத்தாருக்குப் பொய்ச் செய்தி அனுப்பப்படுகிறது.

உயிர் பிழைத்த மிகச் சிலருள் ஒருவன் ஐசாயா பிராட்லி. அவன் கேப்டன் அமெரிக்காவின் உடையை எடுத்து அணிந்துகொண்டு, எதிரிகளின் முகாமுக்குள் தனியாளாக நுழைந்து போரிடுகிறான். ஆனால், நாடு திரும்பிய அவனுக்கு மாலை மரியாதை கிடைக்கவில்லை. இராணுவ நீதிமன்றம் அவனைச் சிறையில் தள்ளுகிறது. பல ஆண்டுகளுக்குப் பிறகு, நடந்ததை வெளியில் சொல்லக் கூடாது என்னும் நிபந்தனையுடன் விடுதலை பெறுகிறான். அதற்குள் அந்த மருந்து அவனது அறிவாற்றலைச் சிதைத்துவிடுகிறது. அவனுடைய மனைவி ஃபெய்த் அவனைக் குழந்தையைப் போலக் காத்து வருகிறாள்.

இக்கதை கற்பனையே. எனினும், அதன் வேர் உண்மை வரலாற்றில் இருக்கிறது. 1932ஆம் ஆண்டில் அமெரிக்கப் பொதுச் சுகாதாரத் துறை, அலபாமா மாநிலத்தின் டஸ்கீகி பகுதியில் ஓர் ஆய்வைத் தொடங்கியது. அதில் 600 கறுப்பின ஆண்கள் சேர்க்கப்பட்டனர். அவர்களுள் 399 பேர் ஏற்கெனவே சிபிலிஸ் என்னும் நோயால் பாதிக்கப்பட்டிருந்தனர். ‘கெட்ட இரத்தத்துக்கு’ மருத்துவம் பார்ப்பதாக மட்டும் அவர்களிடம் கூறப்பட்டது. அந்நோய் உடலை எப்படி அழிக்கிறது என்பதைக் கவனிப்பதே ஆய்வின் உண்மை நோக்கம். 1940களில் பெனிசிலின் அந்நோய்க்குரிய மருந்தாக நடைமுறைக்கு வந்த பிறகும் அவர்களுக்கு அது வழங்கப்படவில்லை. 1972ஆம் ஆண்டில் பத்திரிகைச் செய்தி இதை அம்பலப்படுத்திய பின்னரே ஆய்வு நிறுத்தப்பட்டது. 1997ஆம் ஆண்டில் அதிபர் பில் கிளிண்டன் நாட்டின் சார்பில் மன்னிப்புக் கேட்டார்.

அக்கால இராணுவத்திலும் சமத்துவம் இல்லை. கறுப்பின வீரர்கள் தனிப் பிரிவுகளில் வைக்கப்பட்டிருந்தனர். இப்பாகுபாட்டை நீக்கும் ஆணையை அதிபர் ட்ரூமன் 1948ஆம் ஆண்டில்தான் பிறப்பித்தார். அதாவது, நாட்டின் சுதந்திரத்துக்காகப் போரிட்டவர்களுக்கே அந்நாட்டில் சம உரிமை இருக்கவில்லை.

கேப்டன் அமெரிக்காவின் புகழை இக்கதை குறைத்துவிடும் என்று வாசகர்கள் சிலர் எதிர்ப்புத் தெரிவித்தனர். ஆனால், ஸ்டீவ் ரோஜர்ஸைக் கதை இழிவுபடுத்தவில்லை. உண்மையை அறிந்ததும் அவன் ஐசாயாவைத் தேடிச் சென்று சந்திக்கிறான். தன் பெருமைக்குப் பின்னால் பிறர் துன்பம் இருந்ததை ஏற்றுக்கொள்ளும் அத்துணிவே அவனை உயர்த்துகிறது. தொடர் நிறைவுற்றுப் பல ஆண்டுகள் கடந்து, 2021ஆம் ஆண்டில் வெளிவந்த ஒரு தொலைக்காட்சித் தொடரின் வழியாக ஐசாயா பிராட்லி உலகெங்கும் அறிமுகமானான்.

ஸ்டீவ், ஐசாயா இருவரின் உடலிலும் சென்றது ஒரே வகை மருந்துதான். இருவரும் வீரத்தில் குறைந்தவர்கள் அல்லர். ஒருவனிடம் சம்மதம் கேட்கப்பட்டது, மற்றவனிடம் கேட்கப்படவில்லை. விரும்பி ஏற்கும் துன்பம் தியாகம் எனப் போற்றப்படுகிறது. பிறர்மீது திணிக்கப்படும் துன்பத்தை எந்தப் பெயரிட்டு அழைத்தாலும் அது அநீதியே ஆகும்.