ஒப்பந்தம் செல்லாவிடினும் தொகை உண்டா?

அரசுக்காக ஒருவர் சாலை அமைக்கிறார். கட்டடம் எழுப்பித் தருகிறார். அரசும் அதைப் பயன்படுத்தி வருகிறது. பட்டியல் அனுப்பும்போதுதான், உரிய அதிகாரி ஒப்பந்தத்தில் கையொப்பமிடவில்லை என்பது தெரிய வருகிறது. மாநில அரசின் ஒப்பந்தம் ஆளுநரின் பெயராலும், மத்திய அரசின் ஒப்பந்தம் குடியரசுத் தலைவரின் பெயராலும், அதிகாரம் பெற்றவரால் நிறைவேற்றப்படல் வேண்டும் என்பது அரசியல் சட்டத்தின் 299-வது விதி. இதற்கு மாறானது செல்லாது. பின்னர் ஒப்புதல் அளித்தும் அதற்கு உயிரூட்ட இயலாது என்று 1968-இல் மூலம்சந்த் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. அவ்வாறாயின் பணி செய்தவரின் நிலை என்ன?

இதற்கு விடை தந்தது பி.கே. மண்டல் வழக்கு. 1944-இல், பெரும் பஞ்சத்தை அடுத்து, வங்காள அரசின் சிவில் சப்ளைஸ் துறை, ஆராம்பாக் என்னும் ஊரில் சேமிப்புக் கொட்டகைகள், மண் சாலை, காவலர் அறை, சமையலறை ஆகியவற்றை அவசரமாகக் கட்டச் செய்தது. அதிகாரிகள் கேட்டுக்கொண்டனர், ஒப்பந்தக்காரர் கட்டினார், துறை பயன்படுத்திற்று. ரூ.19,325 கோரியபோது, முறையான ஒப்பந்தம் இல்லை என்று அரசு வாதிட்டது. 1935-ஆம் ஆண்டின் இந்திய அரசுச் சட்டத்திலும் 175(3) பிரிவில் இதே நிபந்தனை இருந்தது. கல்கத்தா உயர் நீதிமன்றம் ஒப்பந்தக்காரருக்குச் சாதகமாகத் தீர்ப்பளிக்க, மாநில அரசின் மேல்முறையீட்டை 1961 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்தது.

தீர்ப்பின் அடிப்படை, 1872-ஆம் ஆண்டின் இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் 70-வது பிரிவாகும். சட்டத்திற்கு உட்பட்டு ஒருவர் பிறருக்காக ஒன்றைச் செய்திருக்க வேண்டும்; இலவசமாகச் செய்யும் எண்ணம் இருந்திருக்கலாகாது; மற்றவர் அதன் பயனை அடைந்திருக்க வேண்டும். இம்மூன்றும் இருப்பின், பெற்றவர் ஈடு தர வேண்டும், அல்லது பொருளைத் திருப்பித் தர வேண்டும். இக்கடப்பாடு ஒப்பந்தத்திலிருந்து பிறப்பதன்று. பயனை ஏற்றதிலிருந்து பிறப்பது. எனவே, அரசியல் சட்ட நிபந்தனையை இது பயனற்றதாக்குகிறது என்ற வாதம் ஏற்கப்படவில்லை. வேண்டாத பணியை ஏற்க மறுக்கும் உரிமை அரசுக்கு எப்போதும் உண்டு. ஏற்றுப் பயன்படுத்திய பின், படிவத்தைக் காட்டித் தப்ப முடியாது.

ஆனால் இப்பிரிவின் எல்லை குறுகியது. கொச்சியில் மட்டாஞ்சேரிப் பகுதியை வெல்லிங்டன் தீவுடன் இணைக்கும் புதிய பாலம் இதைக் காட்டும். கட்டி, இயக்கி, ஒப்படைக்கும் முறையில், விசால கொச்சி வளர்ச்சி ஆணையம், கேரள அரசு ஆகியவற்றுடன் 1999-இல் ஏற்பட்ட உடன்படிக்கையின்கீழ் தனியார் நிறுவனம் ஒன்று கட்டிய இப்பாலம் 2001-இல் திறக்கப்பட்டது. கட்டண உயர்வு அனுமதிக்கப்படாததற்கு ஈடாக, சுங்கம் வசூலிக்கும் காலத்தை ஆறு ஆண்டுகள் நீட்டி, 2005 ஜனவரி 24-இல் மாநில அரசு ஆணையிட்டது. எனினும் 2014 ஏப்ரலில் வசூல் நிறுத்தப்பட்டது. அந்த ஆணை தரும் உரிமையைக் கோரி நிறுவனம் நடுவர் மன்றத்தையும் நீதிமன்றத்தையும் நாடியது.

இத்தகைய கோரிக்கைக்கு 70-வது பிரிவு துணை செய்யாது. அது செய்து முடித்த பணிக்கு ஈடு தருமேயன்றி, வருங்கால வசூலுக்கு உரிமை தராது. அதற்கு ஆணையும் உடன்படிக்கையுமே ஆதாரமாக வேண்டும். ஈட்டின் அளவும் ஒப்பந்தப்புள்ளி வீதமன்று. பெற்ற பயனுக்கு நியாயமான மதிப்பே. அதை மெய்ப்பிக்கும் பொறுப்பு ஒப்பந்தக்காரரைச் சார்ந்தது. பணி நடக்கும் காலத்திலேயே அளவுப் புத்தகத்தில் சரியாகப் பதிந்த குறிப்புகள் இல்லையெனில், இரு தரப்பினருக்கும் இது எளிதன்று.