விரல் மூட்டில் அடியா? சீட்டையும் பாருங்கள்

பந்து பிடிக்கையில் விரல் மூட்டு பிசகினால் முதலில் மோதிரத்தைக் கழற்றுங்கள். வீங்கிவிட்டால் வெட்டித்தான் எடுக்கவேண்டிவரும். இழுத்துவிடும் கைவைத்தியம் வேண்டாம். உள்ளே முறிவு இருக்கலாம், எக்ஸ்ரே எடுங்கள்.

திண்டிவனம் அரசு மருத்துவமனையோ, முண்டியம்பாக்கத்து விழுப்புரம் அரசு மருத்துவக் கல்லூரியோ, தனியாரோ, டிஸ்சார்ஜ் சம்மரியை வாசல் தாண்டுமுன் படியுங்கள். அதில் ஐ.சி.டி.-10 எனும் நோய்க் குறியீடு இருந்தால்: எஸ்63.1 மூட்டு விலகல், எஸ்63.6 சுளுக்கு, எஸ்62.6 விரல் எலும்பு முறிவு. கட்டைவிரல் முறிவுக்கு எஸ்62.5. எக்ஸ்ரே அறிக்கையில் முறிவு, குறியீட்டில் சுளுக்கு என்றிருந்தால் காப்பீட்டுக்காரர்கள் சும்மா விடமாட்டார்கள்.

உலக சுகாதார நிறுவனத்தின் இந்தக் குறியீடு வலதா இடதா, எந்த மூட்டு என்று சொல்லாது. 'வலது மோதிரவிரல், நடு மூட்டு' என டாக்டரையே எழுதச் சொல்லுங்கள். திருத்தமா, அன்றைக்கே கேளுங்கள்.