கீரிமலைத் தீர்த்தமும் தோட்டக் கிணறும்

யாழ்ப்பாணக் குடாநாட்டில் வற்றாத ஆறு இல்லை. மாரியில் மட்டும் ஓடும் வழுக்கையாறு ஒன்றே உண்டு. எனினும் நிலத்தின் அடியில் நமக்குப் பெரிய நீர்நிலை ஒன்று அமைந்துள்ளது. மாரி மழை மண்ணூடே இறங்கிச் சுண்ணாம்புக்கற் பாறையின் வெடிப்புக்களில் தங்குகிறது. அந்நீரையே கிணறுகளிலிருந்து இறைக்கிறோம். கீரிமலைக் கடலோரத்தில் ஊற்றாகப் பெருகுவதும் இத்தகைய நிலத்தடி நீரே. ஆகவே ஆடி அமாவாசையன்று பிதிர்க்கடன் செய்து நீராடும் தீர்த்தத்துக்கும் தோட்டத்து நீருக்கும் பிறப்பிடம் ஒன்றே.

சுன்னாகத்தைச் சூழ்ந்த கிணறுகளில் எண்ணெய் கலந்தமை வெளிப்பட்டபோது மக்கள் ஒன்றுதிரண்டு முறையிட்டனர், வழக்கும் தொடரப்பட்டது. மின் உற்பத்திக் கம்பனி 2 கோடி ரூபா செலுத்தவேண்டுமென உயர் நீதிமன்றம் 2019 ஆம் ஆண்டில் தீர்ப்பளித்தது.

எண்ணெயைக் கண்ணும் மூக்கும் அறியும். நைத்திரேற்றுக்கோ நிறமும் இல்லை, மணமும் இல்லை. அது பசளை, எரு, மலக்குழி ஆகியவற்றிலிருந்து நீரிற் சேர்கிறது. 50 கிலோ யூரியாவில் 23 கிலோ நைத்திரசன் உண்டு. பயிர் உண்ணாது எஞ்சுவதில் ஒரு பகுதி மழையோடும் இறைப்பு நீரோடும் கீழிறங்கும். குடிநீரில் நைத்திரேற்று லீற்றருக்கு 50 மில்லிகிராமுக்கு மேற்படலாகாதென்பது உலக சுகாதார நிறுவனத்தின் வரையறை. வலிகாமத்துக் கிணறுகள் பலவற்றில் அது இவ்வரையறையைக் கடந்துள்ளமை ஆய்வுகளிற் காணப்பட்டுள்ளது. இத்தகைய நீரிற் கரைத்த பால், கைக்குழந்தையின் இரத்தம் பிராணவாயுவைச் சுமக்கும் ஆற்றலைக் குறைக்கும். கொதிக்க வைத்தாலும் நைத்திரேற்று நீங்காது.

கமக்காரர் கைக்கொள்ள வேண்டியவை:

1. வெங்காயத்துக்கும் மிளகாய்க்கும் சிபாரிசு செய்யப்பட்ட அளவே பசளை இடுக. அதனையும் பல தவணைகளாகப் பிரித்து இடுக.

2. பெருமழை வருமுன் யூரியா இடற்க. இட்டபின் மிகையாக இறைத்தலும் ஆகாது.

3. எருவின் நைத்திரசனையும் கணக்கிற் கொண்டு யூரியாவைக் குறைக்குக.

4. எருக்குவியலும் மாட்டுக் கொட்டிலும் மலக்குழியும் கிணற்றுக்குத் தொலைவில் இருத்தல் வேண்டும். மருந்து தெளிக்கும் கருவியைக் கிணற்றடியிற் கழுவற்க.

5. வயல் வரம்புகளை உயர்த்தி மாரி நீரைத் தேக்குக. நல்ல நீர் மிகுதியாய் இறங்கினால் மாசின் செறிவு குறையும்.

6. குடிநீர்க் கிணற்றின் நீரை ஆய்வுகூடத்திற் சோதிப்பிக்குக.

எண்ணெய் கலந்தபோது ஊரார் ஒன்றுகூடி நியாயம் கேட்டனர். பசளையால் வரும் கேட்டைத் தடுக்க நீதிமன்றம் செல்ல வேண்டியதில்லை. தோட்டந்தோறும் அளவறிந்து இட்டாற் போதும். உங்கள் மண்ணுக்குத் தக்க அளவை விவசாயப் போதனாசிரியரிடம் கேட்டறிந்து கொள்க.