குவாய் ஆற்றங்கரையில்

பாங்காக்கிலிருந்து வழிகாட்டியுடன் காலையிற் புறப்படுவோர், தாய்லாந்தின் மேற்கிலுள்ள காஞ்சனபுரியைக் கண்டு மாலையில் மீள்வர். ஆங்குக் குவாய் ஆற்றின்மீது இரும்புப் பாலமொன்று நிற்கின்றது. இரண்டாம் உலகப் போரில் பர்மாவிலிருந்த தம் படைக்குப் பொருள்களை அனுப்புதற்பொருட்டு, 1942, 1943 ஆம் ஆண்டுகளில் சப்பானியர் அமைத்த 415 கிலோமீட்டர் இருப்புப்பாதையின் பகுதி அது.

அவ்வேலையில் பசியாலும் நோயாலும் 12,000க்கு மேற்பட்ட போர்க்கைதிகள் மாண்டனர். மலேயாத் தோட்டங்களினின்று கொண்டுசெல்லப்பட்ட தமிழர் முதலான ஆசியத் தொழிலாளருள் மாண்டோர் அவரினும் பன்மடங்கினர். நகரிலுள்ள கல்லறைத் தோட்டத்தில் ஏறத்தாழ 7,000 கைதிகள் துயில்கின்றனர். தொழிலாளருள் பெரும்பாலோர்க்கோ பெயர் பொறித்த கல்லும் இல்லை.

இன்று அவ்வாற்றில் மிதவை வீடுகள் அசைகின்றன; படகுகள் விரைகின்றன; பாலத்தில் புகைவண்டியும் ஓடுகின்றது. ஆற்றின் அழகில் மகிழ்வோர், பாதை அமைத்து மறைந்த பெயரறியாத் தொழிலாளரையும் நினைத்தல் கடனாம்.